நாலாம் ரவுண்டில் விழுந்த துண்டு

மண்ணூரில் கொம்பையா குடியிருந்த அறையில் ஆறு பேர். ஆறு பேரும் தெற்கத்திக்காரர்கள். ஷிப்டு முடிந்து வந்தால் மற்ற ஐந்து பேரும் சட்டையைக்கூடக் கழற்றாமல் பாயில் விழுவார்கள். கொம்பையாவுக்கு மட்டும் படுக்கை கொள்ளாது. கால் இரண்டும் தானாக ஆடிக்கொண்டே இருக்கும். சுவரில் சாய்ந்து உட்கார்ந்தால் இரண்டு கையும் தொடையை அழுத்தும். விட்டுவிட்டு மறுபடி அழுத்தும். பிரஸ் ஷாப்பில் அவனுக்கு அதுதான் வேலை. தகட்டை அச்சில் வைத்துவிட்டு, இடது பக்கம் ஒரு பொத்தான், வலது பக்கம் ஒரு பொத்தான், இரண்டையும் ஒரே நேரத்தில் உள்ளங்கையால் அழுத்த வேண்டும். அப்போதுதான் மேலே நிற்கும் இரும்பு இறங்கும். ஒரு கை உள்ளே இருந்தால் இயந்திரம் அசையாது. ஒரு ஷிப்டுக்கு இரண்டாயிரம் தடவைக்கு மேல் அழுத்திவிட்டு வந்த கைகள், அறைக்கு வந்ததும் ஓய்ந்து கிட என்று சொன்னால் கேட்கவா போகின்றன?

சங்கரன்கோவில் பக்கத்து ஊர்க்காரன் அவன். ஐ.டி.ஐ. முடித்துவிட்டு, தொண்ணூற்றேழாம் வருஷம் ஆடி மாதம் ஸ்ரீபெரும்புதூரில் வந்து இறங்கினான். அறையில் இருப்புக் கொள்ளாமல் மண்ணூர் ஏரிக்கரை, பென்னலூர் பாதை, லாரி நிறுத்துமிடம் என்று நடந்துகொண்டே இருப்பான். அப்படி ஒரு சாயங்காலம் நடந்தபோதுதான் கோழிப்பண்ணைக் கொட்டகையில் ஆட்கள் குதிக்கிற சத்தம் கேட்டு உள்ளே எட்டிப் பார்த்தான்.

கோழிகள் போய் நாலைந்து வருஷம் ஆகியிருந்தது. ஆனாலும் மழை பெய்தால் நாற்றம் கிளம்பும். தரையில் ஏதோ கம்பெனி கழித்துப் போட்ட கன்வேயர் பெல்ட்டை விரித்து, நாலு மூலையிலும் இரும்புக் குழாய் நட்டு, லாரிக் கயிறு கட்டியிருந்தார்கள். அதுதான் ரிங். மரத்தூள் அடைத்த இரண்டு பைகள் உத்தரத்தில் தொங்கின. அதை நடத்தியவர் இராமச்சந்திரன். உள்ளூர்க்காரர், பதினைந்து வருஷம் ராணுவத்தில் இருந்து ரெஜிமெண்டுக்காகக் குத்துச்சண்டை போட்டவர், திரும்பி வந்து பம்ப்செட் மெக்கானிக்காக இருந்தார். எல்லோரும் அவரை மாஸ்டர் என்றார்கள். அதிகம் பேசமாட்டார். ஏ ஷிப்டுக்காரர்களுக்குச் சாயங்காலம், பி ஷிப்டுக்காரர்களுக்குக் காலையில் என்று கம்பெனிகளின் கணக்குப்படிதான் கொட்டகையைத் திறப்பார்.

கொம்பையா அடுத்த நாளே சேர்ந்தான். கயிறு தாண்டிக் குதித்து, நிழலோடு குத்துவிட்டு, வியர்த்து அறைக்குத் திரும்பிய அன்று அவன் அசந்து தூங்கினான் என்று அறை நண்பன் மாரிமுத்து மற்றவர்களிடம் அதிசயமாகச் சொன்னான்.

ஆனால் சண்டைக்காரனாக அவன் தேறவில்லை. மாவட்டப் போட்டிகளில் பதினோரு தடவை ரிங்கில் ஏறி மூன்று தடவைதான் ஜெயித்தான். எதிராளியின் கையைப் பார்க்காமல் காலைப் பார்த்துக்கொண்டிருந்தால் எவன் ஜெயிப்பான்? ஆள் எந்தக் காலில் கனத்தைப் போடுகிறான், எப்போது குதிகால் தரையில் படுகிறது, எந்த ரவுண்டில் மூச்சு வாய்க்கு வருகிறது என்பதெல்லாம் கொம்பையாவுக்குத் தெரியும். அதற்குள் மூக்கில் அடி விழுந்துவிடும். இரண்டு வருஷம் பார்த்த மாஸ்டர் ஒருநாள் அவன் கையிலிருந்த க்ளவுஸைக் கழற்றிவிட்டு, குத்துகளை வாங்கிக்கொள்ளும் பேட்களை மாட்டிவிட்டார். அன்றிலிருந்து அவன் உதவிக் கோச். மற்றவர்கள் குத்துவார்கள், அவன் பேட் பிடிப்பான், கால்களைத் திருத்துவான். அதில் அவனை மிஞ்ச அந்த வட்டாரத்தில் ஆள் இல்லை என்று பெயர் வந்தது.

இதற்கு நடுவில் பிரஸ் ஷாப்பில் ஒன்று நடந்தது. தொண்ணூற்றெட்டாம் வருஷக் கடைசியில் உற்பத்தி எண்ணிக்கையைக் கூட்டச்சொல்லி நெருக்கினார்கள். மாரிமுத்து தன் இயந்திரத்தில் இடது பொத்தானை அழுத்தியபடி ஒரு ரப்பர் துண்டைச் செருகி வைத்துக்கொண்டான். ஒரு கையால் தகட்டை வைக்கலாம், மறு கையால் ஓட்டலாம், வேகம் கூடும். பக்கத்து இயந்திரத்தில் இருந்த கொம்பையா அதைக் காலையிலேயே பார்த்தான். சாப்பாட்டு வேளையில் சொல்லிக்கொள்ளலாம் என்று நினைத்தான். சாப்பாட்டு வேளையில், சூப்பர்வைசர் காதில் விழுந்தால் மாரிமுத்துவின் வேலைக்கு உலை வைத்ததாகிவிடுமே என்று வாயை மூடிக்கொண்டான். மூன்று மணிக்கு மாரிமுத்துவின் இடது கையில் இரண்டு விரல்கள் போயின. ஆஸ்பத்திரியிலிருந்து நேராக ஊருக்குப் போனவன் திரும்பி வரவில்லை.

அவன் பாயைச் சுருட்டிக் கட்டி ஊருக்குப் போகிற ஆளிடம் கொடுத்து அனுப்பியவன் கொம்பையாதான். அதைப் பற்றி அவன் யாரிடமும் பேசியதில்லை. இரண்டாயிரத்து ஒன்றில் ஊரிலிருந்து செல்வலட்சுமியைக் கல்யாணம் செய்து மண்ணூருக்கே கூட்டிவந்தபோது, அவளிடம் மட்டும் ஒரே ஒரு தடவை சொன்னான்.

வடக்குப்பட்டிலிருந்து ஜோயல் கொட்டகைக்கு வந்தது அதே வருஷம். அப்போது அவனுக்குப் பத்தொன்பது வயது. அப்பா இல்லை. அம்மா ராஜம்மா ஒரு கம்பெனி கேண்டீனில் காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். ஜோயல் காண்ட்ராக்டில் லோடிங் வேலை பார்த்தான். அறுபது கிலோ எடை, நீண்ட கை, யார் அடித்தாலும் முகம் மாறாத சுபாவம். கொம்பையா அவனோடு ஒட்டிக்கொண்டான். ஓரகடம் சாலையில் விடிந்தும் விடியாமலும் ஜோயல் ஓடுவான், கொம்பையா சைக்கிளில் பக்கத்திலேயே போவான். இரண்டு வருஷத்தில் ஜோயலின் காலசைவு ஒவ்வொன்றும் தனக்கு மனப்பாடம் என்று அவன் நம்பினான்.

மாஸ்டரின் கொட்டகையில் சில கட்டளைகள் உண்டு. ராணுவத்தில் அவருடைய கோச் அவருக்குச் சொன்னவை, அந்தக் கோச்சுக்கு அவருக்கு முந்தியவர் சொன்னவை. முதல் மாதம் எவனும் க்ளவுஸ் போடக்கூடாது. சண்டை நடக்கும்போது வெளியிலிருந்து எவனும் கத்தக்கூடாது. மூன்றாவது, துண்டைப் பற்றியது. போட்டி அன்று மூலையில் நிற்கிறவன் தோளில் ஒரு வெள்ளைத் துண்டு இருக்கும். தன் ஆள் இதற்கு மேல் தாங்கமாட்டான் என்று தோன்றினால் அவன் அதை ரிங்குக்குள் வீசலாம். வீசிவிட்டால் சண்டை முடிந்தது, தன் ஆள் தோற்றான். எந்தச் சமயத்தில் வீசினாலும், ஏன் வீசினாய் என்று கொட்டகையில் யாரும் அவனைக் கேட்கக்கூடாது. சண்டை போட்டவன் கேட்கக்கூடாது, மாஸ்டரும் கேட்கக்கூடாது. அன்றைக்கும் கேட்கக்கூடாது, பிறகும் கேட்கக்கூடாது. மாஸ்டரே பத்து வருஷத்தில் ஏழு தடவை வீசியிருந்தார். ஒருவரும் கேட்டதில்லை.

இரண்டாயிரத்து மூன்றாம் வருஷம் சென்னையில் நடந்த மாநிலப் போட்டியில் ஜோயல் இறுதிச் சுற்றுவரை வந்துவிட்டான். அந்த வருஷம் ஒரு அரசுத் துறை தன் அணிக்கு ஆள் எடுக்கிறது என்றும், அறுபது கிலோவில் ஜெயிக்கிறவனுக்கு வேலை நிச்சயம் என்றும் பேச்சு இருந்தது. அந்தத் துறையின் ஆட்கள் இரண்டு பேர் முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார்கள். மாஸ்டரை அந்த முறை நடுவர் மேசைக்கு அழைத்துவிட்டார்கள். மேசையில் உட்காருகிறவர் தன் பிள்ளைகளின் மூலையில் நிற்க முடியாது. அறுபது கிலோவுக்கு அவர் மார்க் போடவும் முடியாது. எனவே கொஞ்சம் தள்ளி ஒரு நாற்காலியில் உட்கார்ந்துகொண்டு, துண்டைக் கொம்பையாவின் தோளில் போட்டுவிட்டார்.

அந்தக் காலத்தில் நாலு ரவுண்டு, ரவுண்டுக்கு இரண்டு நிமிடம். முதல் இரண்டும் ஜோயலுடையவை. எதிராளி, சென்னைப் பையன், நல்ல பலசாலி, ஆனால் அவன் கைக்கு ஜோயல் எட்டவில்லை. மூன்றாவது ரவுண்டின் நடுவில் அந்தப் பையனின் வலது கை ஒன்று ஜோயலின் காதுக்கு மேல், தலைக்கவசத்தின் மீது விழுந்தது. பார்த்தவர்களுக்கு அது பெரிய அடியாகத் தெரியவில்லை. ஜோயல் முகமும் மாறவில்லை. ஆனால் அதற்குப் பிறகு அவனுடைய இடது கால் விரல் தரையில் லேசாக இழுபடுவதைக் கொம்பையா கண்டான். மணி அடித்ததும் ஜோயல் தன் மூலைக்குத் திரும்பாமல், நடுவர் நிற்கும் பக்கமாக அரை அடி எடுத்து வைத்துவிட்டு, பிறகுதான் திரும்பினான். தண்ணீர் கொடுத்தபோது வாயின் ஒரு ஓரமாக வழிந்தது.

கொம்பையா அவன் கண்ணைப் பார்த்து, எப்படி இருக்கிறது என்று கேட்டான். நல்லா இருக்குண்ணா என்றான் ஜோயல். கொம்பையா விரலைக் காட்டினான். மூணு என்றான் ஜோயல், சரியாகத்தான் சொன்னான்.

நாலாவது ரவுண்டு தொடங்கியது. நாற்காலியில் உட்கார வேண்டும் என்பது விதி, கொம்பையாவால் உட்கார முடியவில்லை, பாதி எழுந்தபடியே இருந்தான். ஜோயல் முன்னே போனான், இரண்டு நல்ல குத்துகள் விட்டான், கூட்டம் கைதட்டியது. இடது கால் விரல் இழுபட்டது. இடது கை ஒரு அங்குலம் இறங்கியது. மறுபடி இறங்கியது. எதிராளியின் வலது தோள் பின்னுக்குப் போவதைக் கொம்பையா பார்த்தான். நாற்பது விநாடிதான் ஆகியிருந்தது. துண்டு அவன் கையை விட்டுப் போனது அவனுக்கே பிறகுதான் தெரிந்தது.

அது ஜோயலின் காலடியில் விழுந்தது. ஜோயல் அதைப் பார்த்தான். யாரோ தவறுதலாகப் போட்டுவிட்டார்கள் என்று நினைத்தவன்போல அதைக் காலால் ஓரமாகத் தள்ளிவிட்டு மறுபடி கையைத் தூக்கினான். நடுவர் குறுக்கே வந்து நிறுத்தினார். பிறகு சென்னைப் பையனின் கையை உயர்த்தினார். அந்தப் பையனுக்கே ஒன்றும் புரியவில்லை. டாக்டர் வந்து ஜோயலின் கண்ணில் டார்ச் அடித்தார், மூக்கைத் தொடச் சொன்னார், ஒற்றைக் காலில் நிற்கச் சொன்னார். எல்லாம் சரி என்றார்.

திரும்பி வரும்போது பஸ்ஸில் ஜோயல் ஜன்னல் பக்கமாகத் திரும்பி உட்கார்ந்திருந்தான். கொம்பையா பூவிருந்தவல்லி தாண்டியும் நின்றுகொண்டே வந்தான், உட்கார இடம் இருந்தும். தண்டலம் தாண்டும்போது மாஸ்டர் எழுந்துவந்து அவன் பக்கத்தில் நின்றார். இப்போது கேட்பார் என்று கொம்பையா நினைத்தான். கால் விரல், தண்ணீர், அரை அடி என்று வரிசையாகச் சொல்ல வாயைத் தயார் செய்துகொண்டான். மாஸ்டர், நாளைக்கு எந்த ஷிப்டு என்று கேட்டார். ஏ ஷிப்டு என்றான். சரி என்று போய் உட்கார்ந்துவிட்டார்.

கொட்டகையிலும் யாரும் கேட்கவில்லை. பேட் பிடித்தான், கால்களைத் திருத்தினான், பிள்ளைகள் முன்போலவே அண்ணா என்றார்கள். அவன் உள்ளே வரும்போது பேச்சு ஒரு கணம் நின்று மறுபடி தொடரும், அவ்வளவுதான். அதற்குப் பதிலாக யாராவது சட்டையைப் பிடித்திருந்தால் நிம்மதியாக இருந்திருக்கும். அந்த வாரமே ராஜம்மா கேண்டீனில் முன்பணம் கேட்டு வாங்கி, மகனுக்குத் தலையை ஸ்கேன் எடுத்தாள். ஒன்றும் இல்லை என்று வந்தது. ஜோயல் மாதக் கடைசிவரை வந்துகொண்டிருந்தான். ஒரு வார்த்தை கேட்கவில்லை. பிறகு ஆவடிப் பக்கம் ஒரு கிளப்பில் சேர்ந்துவிட்டதாகச் சொல்லி அனுப்பினான்.

கொம்பையாவின் நடை மறுபடி ஆரம்பித்தது. ஷிப்டு விட்டால் கம்பெனி பஸ்ஸில் ஏறாமல் ஐந்து கிலோமீட்டர் நடந்து வருவான். சாப்பிடும்போது பாதியில் எழுந்து வாசல்வரை போய்விட்டு வருவான். கேட்டது செல்வலட்சுமி ஒருத்திதான். அவளுக்குக் கொட்டகைக் கட்டளையெல்லாம் கிடையாதே. அரிசி களைந்துகொண்டே கேட்டாள்.

"ஒண்ணு கேக்கேன், கோவப்படாதீய. அந்தப் பையன் கால நெசமாவே பாத்தீயளா? இல்ல, மாரிமுத்தண்ணன் வெரலத்தான் பாத்தீயளா?"

அவன் எழுந்து வாசல்வரை போய்விட்டு வந்தான். அவள் மறுபடி கேட்கவில்லை. ஆனால் அந்தக் கேள்வி உள்ளே போய் உட்கார்ந்துகொண்டது. அன்று அவன் கண்டது ரிங்கில் இருந்ததா, அல்லது ஐந்து வருஷமாக உள்ளே சுமந்துகொண்டிருந்ததா? இரண்டு கையும் பொத்தானை அழுத்தும்போதெல்லாம் அதே யோசனை. கால் விரல் இழுபட்டது உண்மை. தண்ணீர் வழிந்தது உண்மை. அவன் அதற்கு மேல் நகர முடியாமல் மறுபடி முதலிலிருந்து ஆரம்பிப்பான்.

அடுத்த வருஷம் காஞ்சிபுரத்தில் ஒரு போட்டி. ஆவடி கிளப் சார்பில் ஜோயல் விளையாடுகிறான் என்று கேள்விப்பட்டு, லீவு போட்டுவிட்டு, யாரிடமும் சொல்லாமல் போனான். மண்டபத்தின் கடைசியில் தூணுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டான். முதல் ரவுண்டும் இரண்டாம் ரவுண்டும் ஜோயல் நன்றாகவே ஆடினான். மூன்றாவது ரவுண்டின் நடுவில், தலையில் ஒரு அடியும் விழாமலே, இடது கால் விரல் தரையில் இழுபட ஆரம்பித்தது. மணி அடித்ததும் ஜோயல் நடுவர் பக்கமாக அரை அடி எடுத்து வைத்துவிட்டுத் திரும்பினான். நாலாவது ரவுண்டில் இடது கை அங்குலம் அங்குலமாக இறங்கியது. அவனுடைய புதிய கோச் துண்டைத் தொடவே இல்லை. ஜோயல் சிரமமில்லாமல் ஜெயித்து, கையைத் தூக்கிக்கொண்டு இறங்கினான்.

களைத்துப்போனால் அவன் கால் அப்படித்தான் இழுக்கும். அவ்வளவுதான் விஷயம். மண்ணூர்க் கொட்டகையில் இருந்தவரை அவன் போட்டிகளில் நாலு ரவுண்டு முழுக்க ஆடியதே குறைவு. முதல் இரண்டிலேயே எதிராளியை முடித்துவிடுவான். அவன் களைத்து நின்ற சண்டையைக் கொம்பையா அந்த இறுதிச் சுற்றுக்கு முன்னால் பார்த்ததே இல்லை. மனப்பாடம் என்று நம்பியதில் ஒரு பக்கம் விட்டுப்போயிருந்தது.

மறுநாள் காலை நேராக மாஸ்டரின் பம்ப்செட் பட்டறைக்குப் போனான். அவர் ஒரு மோட்டாரைப் பிரித்துப் போட்டிருந்தார். கொம்பையா நின்றபடியே எல்லாவற்றையும் கொட்டினான். தான் கண்டது தவறு என்றும், அந்தப் பையனின் வேலையைத் தான்தான் கெடுத்துவிட்டதாகவும் சொன்னான். அன்றைக்கே நாலு பேர் நடுவில் தன்னை நிறுத்தி ஏன் என்று கேட்டிருந்தால் அன்றைக்கே சொல்லியிருப்பேன், இனிமேலாவது இந்தக் கட்டளையை எடுத்துவிடுங்கள், வீசுகிறவன் பதில் சொல்லட்டும் என்றான். மாஸ்டர் கையிலிருந்த கிரீஸைத் துணியில் துடைத்தார்.

"ஒரு தபா கேட்டோம்னு வெச்சுக்கபா, அடுத்த தபா துண்டு போட்டுகினு நிக்கறவன் ரிங்க பாக்க மாட்டான். நாளைக்கி இன்னா பதில் சொல்றதுன்னு யோசிச்சிகினு நிப்பான். அதுக்குள்ள ஒருத்தன் வுழுந்துருவான். எங்க கோச்சு காலத்துல அப்டி ஒருத்தன் வுழுந்தான். எழுந்துக்கல."

மறுபடி மோட்டார்ப் பக்கம் திரும்பி, தான் வீசிய ஏழில் எத்தனை சரி எத்தனை தப்பு என்று தனக்கும் தெரியாது என்றார். ஜோயலிடம் போய் இதைச் சொல்லாதே என்றும் சொன்னார். உனக்குப் பாரம் இறங்கும், அவனுக்கு ஏறும் என்றார்.

கொம்பையா அந்தப் பேச்சைக் கேட்கவில்லை. பத்து நாள் அலைந்துவிட்டு, பதினோராம் நாள் வடக்குப்பட்டு போகிற வழியில், ஜோயல் லோடிங் வேலை பார்த்த கம்பெனி வாசலில் போய் நின்றான். ஷிப்டு விட்டு ஆட்கள் கும்பலாக வெளியே வந்தார்கள். ஜோயல் அவனைப் பார்த்ததும் சைக்கிளை விட்டு இறங்கினான். முகத்தில் கோபம் இல்லை. டீ சாப்பிடலாமா என்றுகூடக் கேட்டான். அந்த மரியாதையே கொம்பையாவை அவசரப்படுத்தியது. சாலையோரத்தில் நின்றவாக்கில் சொல்லிவிட்டான்.

"தம்பி, அன்னைக்கு நான் கண்டது தப்பு. ஒனக்கு ஒண்ணும் ஆகல. அசந்துட்டா ஒனக்கு அந்தக் காலு அப்படித்தான் இழுக்கும்னு காஞ்சிபுரத்துல பாத்த பொறவுதான் தெரிஞ்சுது. சொல்லாம இருக்க முடியல."

ஜோயல் சைக்கிளின் ஹேண்டில் பாரைப் பிடித்தபடி நின்றான். ஒரு கண்டெய்னர் லாரி, அதற்குப் பின்னால் இன்னொன்று, இரண்டும் கடந்து போயின. யார் அடித்தாலும் மாறாத முகம் மாறியதைக் கொம்பையா அன்றுதான் பார்த்தான்.

"இதை ஏண்ணா என்கிட்ட வந்து சொல்ற? வேல போனப்ப நான் இன்னா நெனச்சேன் தெரியுமா? கொம்பையாண்ணா கண்ணுக்கு எதோ தெரிஞ்சிருக்கு, இல்லன்னா வீசமாட்டாரு, உசுரு தப்பிச்சோம்னு நெனச்சேன். அம்மா சர்ச்சுல எழுந்து நின்னு சாட்சி சொல்லிச்சு, கர்த்தர் ஒரு அண்ணனோட கண்ண தொறந்து என் புள்ளைய காப்பாத்துனாருன்னு. ஒரு வருசமா அதை வெச்சிகினுதான் மூட்டை தூக்கிகினு கீறேன். இப்ப அதுவும் இல்லன்ற."

கொம்பையா ஏதோ சொல்ல வாயெடுத்தான். போண்ணா என்றான் ஜோயல். சைக்கிளில் ஏறிப் போய்விட்டான்.

அதன் பிறகான நாட்கள் கொம்பையாவின் வாழ்க்கையில் மோசமானவை. சொல்லாமல் இருந்ததால் மாரிமுத்துவுக்கு நேர்ந்தது. சொன்னதால் ஜோயலுக்கு நேர்ந்தது. எப்போது வாயைத் திறப்பது, எப்போது மூடுவது என்பது மற்றவர்களுக்கெல்லாம் எப்படித் தெரிகிறது என்று செல்வலட்சுமியிடம் கேட்டான். யாருக்கும் தெரியாது, மற்றவர்கள் இப்படி நடந்து நடந்து செருப்பைத் தேய்ப்பதில்லை, அவ்வளவுதான் என்றாள் அவள். ராஜம்மாவைப் போய்ப் பாருங்கள் என்று சொன்னதும் அவள்தான்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிகிற நேரமாகப் பார்த்து வடக்குப்பட்டுக்குப் போனான். ராஜம்மா வெள்ளைச் சேலையில், பைபிளைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு அப்போதுதான் வீட்டுக்கு வந்திருந்தாள். ஜோயல் இல்லை. கொம்பையாவை உட்காரச் சொன்னாள், மோர் கொண்டுவந்து கொடுத்தாள். ஜோயல் எல்லாவற்றையும் சொல்லிவிட்டிருந்தான் என்பது அவள் பார்வையிலேயே தெரிந்தது. கொம்பையா மன்னிப்புக் கேட்டான். சாட்சி சொன்னதைப் பற்றியும் கேட்டான், தன்னால் அவளுக்குச் சபையில் தலைகுனிவு ஆகிவிட்டதோ என்று. அவள் தம்ளரைத் திரும்ப வாங்கிக்கொண்டாள்.

"உனக்காகவா பா சாட்சி சொன்னேன்? என் புள்ள முழுசா வூட்டுக்கு வந்தான், அதுக்கு சொன்னேன். அது அப்டியே இருக்கட்டும். நீ பாத்தது தப்பா இருந்துட்டு போவுது. ஆனா கொஞ்ச நாளு இந்தப் பக்கம் வராத. உன்ன பாத்துட்டு வந்த அன்னிக்கி அவன் சோறு துன்னல."

வாசல்வரை கூடவே வந்தாள். வெயிலில் நடக்காதே, பஸ்ஸில் போ என்றாள். அவன் அன்று பஸ்ஸில் போனான்.

கொட்டகைக்குப் போவதை நிறுத்திவிடலாமா என்று பல நாள் யோசித்தான். அடுத்த மாவட்டப் போட்டிக்கு மாஸ்டர் துண்டை நீட்டியபோது வேண்டாம் என்று பின்வாங்கினான். மாஸ்டர் கட்டாயப்படுத்தவில்லை. நீட்டிய கையை மடக்கவும் இல்லை. கடைசியில் வாங்கித் தோளில் போட்டுக்கொண்டான். அன்றைக்கு ஆடிய மூன்று பேரையும் அதற்கு முன்னால் ஒரு மாதம், ஆறு ரவுண்டு, எட்டு ரவுண்டு என்று கொட்டகையில் நிற்க முடியாத அளவுக்கு ஓட்டி, களைத்தபோது எந்தக் கால் இழுக்கிறது, எந்தக் கை இறங்குகிறது, எவன் எந்தப் பக்கம் தடுமாறுகிறான் என்று ஒவ்வொன்றாகப் பார்த்து வைத்திருந்தான். அது அதன் பிறகு அந்தக் கொட்டகையின் வழக்கமாகவே ஆனது. போட்டிக்கு முந்திய மாதம் களைக்கவைத்துப் பார்க்காமல் யாரையும் அனுப்புவதில்லை. பிள்ளைகள் அந்த மாதத்தைத் திட்டித் தீர்ப்பார்கள்.

இரண்டாயிரத்து ஐந்தில் கோழிப்பண்ணை நிலம் கைமாறி, ஒரு கம்பெனியின் சுற்றுச்சுவர் அதன்மேல் எழும்பியது. கன்வேயர் பெல்ட்டையும் குழாய்களையும் டிராக்டரில் ஏற்றி, பென்னலூரில் மூடிக்கிடந்த ஒரு செங்கல் சூளைக் கிடங்குக்குக் கொண்டுபோனார்கள். மாஸ்டருக்கு முழங்கால் வலி, வாரத்தில் இரண்டு நாள்தான் வருவார். மற்ற நாட்களில் கொம்பையாதான் திறப்பான், பூட்டுவான். அவன் அதற்குப் பிறகு இரண்டு தடவை துண்டு வீசினான். ஒரு தடவை, வீசியது சரிதான் என்று டாக்டரே சொன்னார். இன்னொரு தடவையைப் பற்றி அவனுக்கு இன்றுவரை தெரியாது. இரண்டு இரவும் சரியாகத் தூங்கவில்லை. யாரும் ஏன் என்று கேட்கவில்லை, அவனும் யாரிடமும் விளக்கம் சொல்லப் போகவில்லை.

ஜோயலுக்கு அரசு வேலை கிடைக்கவில்லை. இரண்டு வருஷம் ஆவடி கிளப்புக்கு ஆடினான். பிறகு தோள்பட்டை நழுவ ஆரம்பித்ததும் நிறுத்திவிட்டான். கண்ணாடி செய்கிற ஒரு கம்பெனியில் ஃபோர்க்லிப்ட் ஓட்டக் கற்றுக்கொண்டு நிரந்தர வேலைக்குப் போனான். நல்ல வேலைதான். ஆனால் அவனுக்கு அது இரண்டாவதுதான் என்பது எல்லோருக்கும் தெரியும். ஓரகடம் சந்திப்பில் எதிரெதிர் பஸ்களில் சில சமயம் ஒருவரையொருவர் பார்ப்பார்கள். முதலில் ஜோயல் முகத்தைத் திருப்பிக்கொண்டான். பிறகு திருப்பவில்லை.

இரண்டாயிரத்து ஆறு, மே மாதம். ராஜம்மா தானே மண்ணூருக்கு வந்து பத்திரிகை வைத்தாள். மகனுக்குக் கல்யாணம். செல்வலட்சுமியின் கையைப் பிடித்து, ரெண்டு பேரும் வந்துடணும் என்றாள். ஜோயல் அனுப்பினானா, தானாகவே வந்தாளா என்று கொம்பையா கேட்க நினைத்து, கேட்காமல் விட்டான். கல்யாணத்தன்று அவனுக்கு பி ஷிப்டு, இரண்டு மணிக்கு உள்ளே இருக்க வேண்டும். போகாமல் இருந்துவிடலாமா என்று காலையில் இரண்டு தடவை சட்டையைக் கழற்றி மாட்டினான்.

சர்ச்சுக்கு வெளியே பந்தல் போட்டிருந்தார்கள். மாஸ்டர் ஏற்கெனவே முன்வரிசையில் இருந்தார். வரிசையில் நின்று மேடை ஏறி, மணப்பெண்ணுக்குச் செல்வலட்சுமி பரிசுப் பொட்டலத்தைக் கொடுத்தாள். கொம்பையா ஜோயலின் கையைக் குலுக்கினான். போட்டோக்காரர் சேர்ந்து நிற்கச் சொன்னார். கோட்டுக்குள் ஜோயலுக்கு வியர்த்துக்கொண்டிருந்தது. நேராகக் கேமராவைப் பார்த்தபடியே, உதடு அதிகம் அசையாமல் கேட்டான்.

"பி ஷிப்டாண்ணா?"

"ஆமா தம்பி."

"முதல் பந்தியிலயே உக்காந்துரு. லேட்டாயிடும்."

பந்தல் ஓரத்தில் நீள மேசைகள் போட்டிருந்தார்கள், இலை விரித்துக்கொண்டிருந்தார்கள். செல்வலட்சுமி ஒரு ஓரத்தைப் பார்த்து உட்கார்ந்தாள். கொம்பையா கொஞ்ச நேரம் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டு நின்றான். மணி பன்னிரண்டரை. பிரியாணி வாளியோடு ஆள் மேசையின் அந்தக் கோடியிலிருந்து வந்துகொண்டிருந்தான். கொம்பையா உட்கார்ந்து, இலையில் தண்ணீர் தெளித்துத் துடைத்தான்.